மொரிஸ் மைனர்: கிளச்சை மிதித்தால் உரசல் சத்தம். ரிலீஸ் பெயாரிங்கா, கியர் பெட்டியா?

ஒட்டுசுட்டான் மகன் | வெள்ளி, இரவு 8.40

எல்லோருக்கும் வணக்கம். எங்கள் வீட்டில் 1959ஆம் ஆண்டு மொரிஸ் மைனர் 1000 கார் ஒன்று நிற்கிறது. முன்பு இருந்த வாகனம் 2009இல் போருடன் போய்விட்டது. இதை அப்பா 2013இல் சாவகச்சேரிப் பக்கம் வாங்கினார். இப்போது அவருக்குக் கண் மங்கிவிட்டதால் நான்தான் ஓட்டுகிறேன்.

இரண்டு மாதமாகக் கிளச்சை மிதிக்கும்போது கரகரவென்று ஓர் உரசல் கேட்கிறது. அம்மியில் வெறுங்குழவியை இழுத்தால் வருமே, அப்படி. முதலாம் கியர் போடும்போது பல்லும் கத்துகிறது. மாங்குளம் வீதியில் மாடுகள் குறுக்கே வந்தால் நிறுத்தி நிறுத்தித்தான் போகவேண்டும். ஒவ்வொரு முறையும் நெஞ்சு பதறுகிறது.

நகரத்தில் ஒரு கராஜில் காட்டினேன். ஐந்து நிமிடம் கேட்டுவிட்டு, கியர் பெட்டியை முழுதாகப் பிரிக்க வேண்டும், உள்ளே உள்ள பெயாரிங் எல்லாம் மாற்ற வேண்டும் என்றார்கள். சொன்ன தொகை எங்களுக்குப் பெரியது. பிரிக்காமலே எது பழுது என்று அறிய வழி உண்டா?

முள்ளியவளை ரொயோட்டா | வெள்ளி, இரவு 9.15

தம்பி, இது ரிலீஸ் பெயாரிங்தான் (மிதிக்கும்போது பிரஷர் பிளேட்டை அழுத்தி கிளச்சைப் பிரிப்பது), சந்தேகமே வேண்டாம். என் ரொயோட்டா டிஎக்ஸ் வாகனுக்கும் இதே கதை. மிதித்தால் சத்தம், விட்டால் அமைதி. கிளச் பிளேட், பிரஷர் பிளேட், பெயாரிங் மூன்றையும் ஒரே முறையில் வாங்கிப் பூட்டுங்கள். கியர் பெட்டியைத் தொடவிடாதீர்கள்.

மல்லாவிப் பட்டறை | சனி, காலை 6.05

ஒட்டுசுட்டான் தம்பி, வாங்கவும் வேண்டாம், கழற்றவும் வேண்டாம், முதலில் கேளுங்கள். மைனரின் கியர் பெட்டியை இறக்குவது ஒரு நாள் வேலை. காது கொடுத்துக் கேட்பது பத்து நிமிட வேலை.

வாகனத்தைச் சமதரையில் நிறுத்தி, கைப்பிரேக் போட்டு, சக்கரங்களுக்குக் கல் வையுங்கள். எஞ்சினை இயக்க வேண்டாம். கிளச் பெடலை மெதுவாகக் கையால் அமுக்குங்கள். எஞ்சின் ஓடாமலே கிறீச்சிட்டால் அது பெயாரிங் அல்ல. பெடலிலிருந்து கியர் பெட்டி வரைக்கும் போகும் குறுக்குத் தண்டைத் தாங்கும் வளையம், அதாவது புஷ், தேய்ந்து வறண்டு கிடக்கிறது என்று பொருள். மைனரில் கிளச்சுக்கு எண்ணெய்க் குழாய் கிடையாது. எல்லாம் தண்டும் கம்பியும்தான். அந்தப் புஷ்களுக்கு ஒயில் விட்டுவிட்டு அடுத்த சோதனைக்குப் போங்கள்.

இப்போது எஞ்சினை இயக்கி, கியர் போடாமல், காலை முற்றாக எடுத்துவிடுங்கள். அப்போது இரைச்சல் இருந்து, மிதித்தவுடன் அது நின்றால் கியர் பெட்டியின் முன்தண்டுப் பெயாரிங். கால் தூக்கியிருக்கும்போது அந்தத் தண்டு எஞ்சினோடு சேர்ந்து சுழல்கிறது. மிதித்தால் அது நின்றுவிடும், சத்தமும் நிற்கும். இதற்கு நேர்மாறாக, காலை எடுத்தால் அமைதி, பெடலில் எடை ஏறத் தொடங்கும் அந்த இடத்திலேயே சத்தம் பிறக்கிறது என்றால் ரிலீஸ் பெயாரிங். மூன்றாவது, பெடலை அடிமட்டம் வரை மிதித்து கியரும் போட்டு வைத்திருக்கும்போது மட்டும் கீச்சென்று ஒரு கத்தல் வந்தால், எஞ்சின் கிராங்கின் பின்முனையில் தண்டு நுழையும் சிறிய பித்தளைப் புஷ். அந்த நேரத்தில்தான் கிராங் சுழல, தண்டு நிற்கிறது. இரண்டுக்கும் இடையே உரசல் வருகிறது.

கடைசியாக, கிளச்சை மூடியிருக்கும் பெல் ஹவுசிங்கின் பக்கத்தில், ரிலீஸ் பெயாரிங்கைத் தள்ளும் கவைக்கோல் (கிளச் போர்க்) வெளியே நீட்டும் இடத்தில் ஒரு ரப்பர் மூடி இருக்கும். அதை நகர்த்தி டோர்ச் அடித்துப் பாருங்கள். என்ன தெரிகிறது என்று எழுதுங்கள்.

கிளிநொச்சி ஆசிரியை | சனி, காலை 10.20

மல்லாவி ஐயா சொன்னதை அனுபவித்தவள் நான். என்னுடையது பழைய நிசான் சன்னி கார். கால் எடுத்திருந்தால் இரைந்தது, மிதித்தால் நின்றது. அந்த வேறுபாடு அப்போது எனக்குத் தெரியாது. காட்டிய இடத்தில் ரிலீஸ் பெயாரிங் என்று சொல்லி மாற்றினார்கள். திரும்பி வரும் வழியிலேயே அதே இரைச்சல். பிறகு இன்னொருவரிடம் கொடுத்து முன்தண்டுப் பெயாரிங் மாற்றிய பின்புதான் நின்றது. ஒரே கியர் பெட்டியை இரண்டு தடவை இறக்கிய கூலியை நான் கட்டினேன். அந்தப் பத்து நிமிடத்தை யாராவது எனக்குச் சொல்லியிருந்தால் ஒரு மாதச் சம்பளத்தில் பாதி மிஞ்சியிருக்கும். தம்பி, தயவுசெய்து கேட்டுவிட்டுச் செய்யுங்கள்.

ஒட்டுசுட்டான் மகன் | சனி, மாலை 5.50

ஐயா, அக்கா, இருவருக்கும் நன்றி. எல்லாம் செய்து பார்த்தேன்.

எஞ்சின் இயங்காமல் அமுக்கியபோது ஒரு சிறு கிறீச்சல் இருந்தது, ஒயில் விட்டதும் போய்விட்டது. கால் எடுத்திருந்தால் அமைதி. பெடல் பாதிக்கு மேல் இறங்கிய பின்புதான் கரகரப்பு தொடங்குகிறது. அடிமட்டத்தில் வேறு சத்தம் இல்லை.

ஒன்று மட்டும் குழப்பமாக இருக்கிறது. பெடலில் பிளே மிக அதிகம். கால்வாசித் தூரம் வெறுமனே இறங்குகிறது. அதைக் குறைக்கலாம் என்று கம்பியின் சுரையை (நட்) முறுக்கப் போனால், மரை முடிந்துவிட்டது. இனி முறுக்க இடமில்லை. பெயாரிங் தேய்ந்தால் பிளே குறையும் என்றுதானே சொல்வார்கள்?

ரப்பர் மூடியை நகர்த்திப் பார்த்தேன். ஒரு வட்ட இரும்புக் கிண்ணம், அதற்குள் கறுப்பாக ஏதோ. குண்டுப் பெயாரிங் போலத் தெரியவில்லை.

முள்ளியவளை ரொயோட்டா | சனி, மாலை 6.30

பிளே கூடுகிறதா? என் வாகனுக்கு நேர்மாறு. தேயத் தேயப் பெடல் மேலே வந்துகொண்டே இருந்தது. குண்டு இல்லாத பெயாரிங்கை நான் கண்டதும் இல்லை. தம்பி பார்த்தது வேறெதையோ.

மல்லாவிப் பட்டறை | சனி, இரவு 8.10

முள்ளியவளைத் தம்பி சொல்வதும் சரி, ஒட்டுசுட்டான் தம்பி பார்த்ததும் சரி. இரண்டும் வேறு பொருட்கள்.

ரொயோட்டா, நிசானில் இருப்பது உருக்குக் குண்டுகள் உள்ள, கிறீஸ் அடைத்து மூடிய பெயாரிங். கிறீஸ் வறண்டால் அது ஊளையிடும். மொரிஸ் மைனரில் இருப்பது கரி. கிராபைட் வளையம் ஒன்றை இரும்புக் கிண்ணத்துள் பதித்திருப்பார்கள். அது சுழல்வதில்லை. மிதிக்கும்போது நேராகப் போய், சுழலும் தட்டில் முகம் வைத்து அழுத்தும். பள்ளிக்கூடத்துப் பென்சில் தாளில் வழுக்குவதுபோல அது வழுக்கும். பென்சில் போலவே தேயவும் செய்யும். கரி இருக்கும் வரை சத்தமே வராது. கரி முடிந்து கிண்ணத்தின் விளிம்பு தட்டைத் தொடும்போதுதான் தம்பி கேட்ட அம்மிச் சத்தம் வரும். ஆகவே சத்தம் வந்துவிட்டால் பார்த்துக்கொண்டிருக்கக் காலம் இல்லை.

இனிப் பிளே. கிளச் பிளேட் தேயும்போது பிரஷர் பிளேட் முன்னால், எஞ்சினோடு சுழலும் பிளைவீல் பக்கம் நகர்கிறது. அதன் நெம்புகோல்களின் உள்முனைகள் பின்னால், பெயாரிங்கை நோக்கி வருகின்றன. இடைவெளி சுருங்குகிறது, பிளே குறைகிறது. அதுதான் ரொயோட்டாவில் நடந்தது. கரி தேய்ந்தால் பெயாரிங்கே குட்டையாகிறது. இடைவெளி விரிகிறது, பிளே கூடுகிறது. எவ்வளவு மிதித்தாலும் கிளச் முழுதாகப் பிரியாது. கியர் பல் கத்துவது அதனால்தான். மைனரில் பெடல் தாழ்ந்துகொண்டே போய் மரையும் முடிந்துவிட்டால், கழற்றாமலே சொல்லலாம்: கரி போய்விட்டது. கியர் பெட்டியின் உள்ளே கை வைக்க வேண்டிய தேவையே இல்லை.

ஒரு கேள்வி, தம்பி கோபிக்கக் கூடாது. ஓடும்போது இடக்காலை எங்கே வைக்கிறீர்கள்?

ஒட்டுசுட்டான் மகன் | சனி, இரவு 8.45

கிளச் பெடல் மேல்தான் ஐயா. மாடு, பள்ளம், சைக்கிள் என்று எந்த நேரமும் மிதிக்க வேண்டியிருப்பதால் எடுப்பதே இல்லை. கோபம் எதுவும் இல்லை.

மல்லாவிப் பட்டறை | சனி, இரவு 9.00

அதுதான். செருப்பின் எடையே போதும், கரி தட்டோடு ஒட்டிக்கொண்டு நாள் முழுதும் தேயும். சந்தியில் நிற்கும்போதும் கியரை விலக்கிவிட்டுக் காலை எடுங்கள். இதை மாற்றாவிட்டால் புதுக் கரியும் இதே வழியில் போகும்.

எனக்கு இந்தக் கரியோடு பழைய கணக்கு உண்டு. பொருளாதாரத் தடைக் காலத்தில் மல்லாவியில் வேலை பழகினேன். எஞ்சினுக்குச் சில துளி பெற்றோல் காட்டிச் சூடாக்கி, மண்ணெண்ணெயில் ஓட்டிய நாட்கள். உதிரிப்பாகம் என்ற சொல்லுக்கே இடமில்லை. ஓர் ஒஸ்ரின் ஏ40 காருக்குக் கரி முடிந்துவிட்டது. கடைசல் இயந்திரத்தில் வெண்கல வளையம் ஒன்று கடைந்து, கிண்ணத்துள் இறுக்கிப் பூட்டினோம். நோயாளிகளை ஏற்றிக்கொண்டு அந்த வாகனம் அதனோடு ஓடியது. ஆனால் உலோகத்தோடு உலோகம் உரசி, பிரஷர் பிளேட்டின் தட்டில் விரல் நகம் இறங்கும் அளவுக்குப் பள்ளம் விழுந்தது. 2002இல் ஏ9 வீதி திறந்த பிறகு நல்ல கரி வந்தது, ஆனால் தட்டும் சேர்ந்தே மாற்ற வேண்டியதாயிற்று. இன்று கொழும்பு பஞ்சிகாவத்தையில் தேடினால் கிடைக்கிறது, பஸ்ஸில் போட்டால் மறுநாள் வருகிறது. ஆகவே யாராவது வெண்கலம் கடைந்து தருகிறேன் என்றால் சம்மதிக்காதீர்கள்.

முள்ளியவளை ரொயோட்டா | ஞாயிறு, காலை 7.30

ஐயா, கரி விடயம் எனக்குப் புதிது, நன்றி. ஆனால் ஒன்றில் நான் விடமாட்டேன். கியர் பெட்டி இறக்கியபின் கரியை மட்டும் மாற்றிப் பூட்டுவது வீண் சிக்கனம். பிளேட் ஆறு மாதத்தில் போனால் திரும்பவும் அதே வேலை. மூன்றையும் மாற்றட்டும்.

மல்லாவிப் பட்டறை | ஞாயிறு, காலை 8.15

பணம் இருப்பவருக்கு அது நல்ல வழி, மறுக்கவில்லை. தம்பி முதலிலேயே தொகை பெரியது என்று எழுதியிருக்கிறார். கரியை மட்டும் வாங்கி வைத்துக்கொண்டு திறக்கட்டும். பிளேட்டின் ஆணித்தலைகள் மேற்பரப்பிலிருந்து நன்றாக உள்ளே இருந்து, ஒயிலும் படாமல் இருந்தால் அதையே பூட்டலாம். இல்லாவிட்டால் வாங்கலாம். பார்க்காமல் வாங்குவதும் கேட்காமல் பிரிப்பதும் ஒன்றுதான்.

வவுனியா தாதி | ஞாயிறு, காலை 11.40

வாகன வேலை எனக்குத் தெரியாது, ஆனால் இதைச் சொல்லாமல் போக முடியவில்லை. அந்தக் காலத்துக் கிளச் பிளேட்டுகளிலும் பிரேக்கிலும் அஸ்பெஸ்டஸ் கலந்திருக்கும். பெல் ஹவுசிங்கைத் திறந்ததும் உள்ளே படிந்துள்ள தூசியைக் காற்றடித்து ஊதுவதும், வாயால் ஊதுவதும், உலர்ந்த தூரிகையால் தட்டுவதும் கூடவே கூடாது. அந்த நார்கள் சுவாசப்பைக்குள் போனால் பல பத்தாண்டுகள் கழித்தும் நோயாக வரும். தண்ணீர் தெளித்து, ஈரத் துணியால் துடைத்து, துணியைப் பையில் கட்டி அகற்றுங்கள். நல்ல முகக்கவசம் அணியுங்கள். சிறுவர்கள் பக்கத்தில் நிற்க வேண்டாம்.

மல்லாவிப் பட்டறை | ஞாயிறு, மதியம் 12.10

தங்கச்சி, மிக நல்ல வார்த்தை. நாங்கள் முப்பது வருடம் வாயால் ஊதியவர்கள். என்னோடு வேலை பழகிய ஒருவர் இருமி இருமியே போய்ச் சேர்ந்தார். காரணம் என்னவென்று யாரும் தேடவில்லை. இனி என் பட்டறையிலும் ஈரத் துணிதான்.

ஒட்டுசுட்டான் மகன் | அடுத்த ஞாயிறு, இரவு 9.30

கரி புதனன்று பஸ்ஸில் வந்தது. நேற்றும் இன்றும் நானும் மைத்துனரும் வேலை செய்தோம். நடந்ததை விபரமாக எழுதுகிறேன், இதே வாகனம் வைத்திருப்பவருக்கு உதவும்.

முதலில் பற்றரியைக் கழற்றினோம். மைனரில் பொசிட்டிவ் முனைதான் உடலோடு இணைந்திருக்கும், புது வாகனங்களின் பழக்கத்தில் மாற்றிப் பூட்டிவிடாமல் அடையாளம் வைத்தோம். முன் கதிரைகள், விரிப்பு, கியர்த் தடி, அதன்பின் தரையில் திருகாணிகளால் பூட்டியிருக்கும் மூடித்தகடு. அதை எடுத்ததும் கியர் பெட்டி மேலிருந்தே முழுதாகத் தெரிந்தது. பாதித் திருகாணிகள் துருவில் இறுகியிருந்ததால் இதற்கே அரை நாள் போய்விட்டது. பிறகு வாகனத்தைத் தூக்கி, நாலு பக்கமும் பாலைமரக் குற்றிகளில் இருத்தினோம். ஜாக்கியை மட்டும் நம்பி நாங்கள் கீழே போகவில்லை.

கியர் ஒயிலை வடித்த பிறகே புரொப்பெலர் தண்டைப் பின்பக்கத்தில் கழற்றி இழுத்தோம். கழற்றுமுன் இரு முகங்களிலும் உளியால் ஒரு கோடு. வேகமானிக் கேபிள், கிளச் கம்பி, ஸ்டார்டர். எஞ்சினின் ஒயில் தொட்டிக்குக் கீழே பலகை வைத்து ஜாக்கியால் தாங்கிய பின், குறுக்குச் சட்டத்தையும் பெல் ஹவுசிங் ஆணிகளையும் எடுத்தோம். ஒருவர் மேலே, ஒருவர் கீழே. நேராகப் பின்னுக்கு இழுத்து இறக்கினோம்.

கரியைக் கண்டதும் நாங்கள் இருவரும் பேசவில்லை. ஒரு பக்கம் தகடு போல ஒரு சிறு விளிம்பு மட்டும் மிச்சம். மறுபக்கம் கரியே இல்லை, இரும்புக் கிண்ணம் வெள்ளியாக மினுங்கியது. சரிவாகத் தேய்ந்திருந்தது. போர்க்கின் புஷ்ஷை அசைத்துப் பார்த்தால் கையிலேயே ஆடியது. அதனால்தான் சரிவு என்று நினைக்கிறேன்.

பெல் ஹவுசிங்கின் அடியில் ஒரு சிறு துளை, அதில் ஒரு பிளவு ஊசி தொங்க வேண்டுமாம். எங்களுடையதில் ஊசியைக் காணவில்லை. துளைக்கு மேல் குளவி மண்கூடு கட்டியிருந்தது. கல்போல இறுகிய செம்மண். அதற்குப் பின்னால் ஒயில் தேங்கி, பிளேட்டின் ஓரத்தில் கறுப்பாக ஊறியிருந்தது. ஐயா, இந்த ஒயில் எங்கிருந்து வந்தது? பிளேட்டைக் கழுவிப் பூட்டலாமா?

மல்லாவிப் பட்டறை | அடுத்த ஞாயிறு, இரவு 10.05

கழுவ வேண்டாம். ஒயில் ஊறிய பிளேட் சூடேறும்போது திரும்பவும் கசியும், கிளச் உதறும். பிளேட் மாற்றத்தான் வேண்டும். முள்ளியவளைத் தம்பி, இந்த முறை நீங்கள் வென்றீர்கள்.

ஒயில் வந்ததைக் கண்டு பயப்படவேண்டாம். அந்த எஞ்சினின் பின்முனையில் ரப்பர் சீல் கிடையாது. தண்டில் வெட்டிய திருகு வரிதான் ஒயிலை உள்ளே திருப்பி அனுப்புகிறது. சிறிது கசிவது அதன் இயல்பு. அது சொட்டிப் போவதற்காகத்தான் அந்தத் துளை. ஊசி ஓட்டத்தில் ஆடி ஆடித் துளையை அடைபடாமல் வைத்திருக்கும். எங்கள் செம்மண்ணுக்கும் குளவிக்கும் அது கட்டாயம் வேண்டும். இரண்டு ரூபாய் ஊசி இல்லாததால் ஒரு பிளேட் போயிருக்கிறது. புது ஊசி போடுங்கள்.

போர்க் புஷ் மாற்றுங்கள். பிரஷர் பிளேட்டின் ஆறு ஆணிகளையும் ஒவ்வொன்றாக முழுதும் கழற்றாமல், எதிரெதிராக அரைச் சுற்று அரைச் சுற்றாகத் தளர்த்துங்கள், பூட்டும்போதும் அப்படியே. கரி உரசும் தட்டில் நகம் தட்டுப்படும் பள்ளம் இருந்தால் அதுவும் போக வேண்டும். புதுக் கரியில் கிறீஸோ ஒயிலோ பூசாதீர்கள். யாராவது நல்லது என்று சொன்னாலும் கேட்காதீர்கள். கரியைப் பிடிக்கும் இரண்டு கம்பிக் கொளுக்கிகளும் போர்க்கில் சரியாக விழுந்தனவா என்று கையால் இழுத்துப் பாருங்கள்.

பிளேட்டை நடுவில் நிறுத்த ஒரு பாலைத் தடியைச் சீவுங்கள். முனை பித்தளைப் புஷ்ஷுக்குள் இறுகாமல் நுழைய வேண்டும். அடுத்த பகுதி பிளேட்டின் பல்துளைக்குள் நிற்க வேண்டும், குறைந்தால் ஒட்டுநாடா சுற்றுங்கள். ஆணிகளை இறுக்கிய பின் தடி வழுக்கி வெளியே வந்தால் நடு சரி. கியர் பெட்டியை ஏற்றும்போது அதன் எடையை ஒரு கணம்கூடத் தண்டில் தொங்கவிடாதீர்கள், பிளேட்டின் நடுப்பகுதி கோணிவிடும். பல் பொருந்தாவிட்டால் ஆணி போட்டு இழுக்க வேண்டாம். கியரில் போட்டு, முன்னால் கைச்சுழற்றியை இட்டு எஞ்சினை ஒரு மயிரிழை திருப்பினால் தானாக உள்ளே போகும்.

கியர் பெட்டிக்கு 90ஆம் இலக்கக் கியர் ஒயில் ஊற்றாதீர்கள். மைனருக்கு எஞ்சின் ஒயில், 30ஆம் இலக்கம். ஏறத்தாழ 1.3 லீற்றர், பக்கத்துத் துளையில் வழியும் வரை.

ஒட்டுசுட்டான் மகன் | ஒன்பது நாள் கழித்து, செவ்வாய், இரவு 7.20

ஓடுகிறது. பிளேட்டும் போர்க் புஷ்ஷும் வரக் காத்திருந்ததால் தாமதம். தட்டில் பள்ளம் இல்லை, பழைய பிரஷர் பிளேட்டையே பூட்டினோம். பாலைத் தடி மூன்றாவது முறைதான் சரியாக வந்தது. கியர் பெட்டி கடைசி ஓர் அங்குலத்தில் பிடிவாதமாக நின்றது. மைத்துனர் ஆணியால் இழுக்கலாம் என்றார், நான் விடவில்லை. கைச்சுழற்றியைத் தொட்டதும் டக்கென்று உள்ளே போனது. சுரையை முறுக்கிப் பெடலில் ஓர் அங்குலம் பிளே விட்டிருக்கிறேன், இன்னும் நிறைய மரை மிச்சம் இருக்கிறது.

இன்று அப்பாவை ஏற்றிக்கொண்டு முறிகண்டிப் பிள்ளையாருக்குப் போய்த் தேங்காய் உடைத்துவிட்டு வந்தோம். அப்பா கதவோடு சாய்ந்து காது கொடுத்துக்கொண்டே வந்தார். மாங்குளம் சந்தியில், "இப்போது மிதித்தாயா?" என்று கேட்டார். மிதித்திருந்தேன். அவருக்குக் கேட்கவில்லை.

இடக்கால் இப்போது தரையில்.

நெடுங்கேணி மைனர் | புதன், காலை 6.50

வாழ்த்துகள் தம்பி. என்னிடமும் ஒரு மைனர், பதிவுப் புத்தகத்தில் 1957. பெடல் தாழத் தொடங்கிவிட்டது. நீங்கள் வாங்கிய அதே கரியைச் சொல்லி எடுப்பிக்கலாமா?

மல்லாவிப் பட்டறை | புதன், காலை 7.25

புத்தகத்தை நம்பிச் சொல்லாதீர்கள். வன்னியில் எஞ்சின் மாறாத மைனர் அருமை. எஞ்சின் எண்ணைத் துடைத்துப் பாருங்கள். 9எம் என்று தொடங்கினால் 948 சிசி, கிளச் பிளேட் 6¼ அங்குலம். 10எம்ஏ என்றால் 1098 சிசி, பிளேட் 7¼ அங்குலம். கரியும் இரண்டுக்கும் வேறு. எண்ணை இங்கே எழுதுங்கள், பார்த்துச் சொல்கிறேன்.

நெடுங்கேணி மைனர் | புதன், காலை 8.10

துடைத்தேன் ஐயா. 10எம்ஏ.